பாதுகாப்பு வேணாங்கிற மனு

சன்னல் ஓரமா நீங்களே உக்காருங்கண்ணே. எந்திரிக்காதீங்க, எந்திரிக்காதீங்க. எனக்குச் சன்னல் சீட்டுக்கு அனுமதி கெடையாது. சிரிக்கிறீங்க பாத்தீங்களா. நெசமாத்தான் சொல்றேன். நாலு மாசமா நான் காத்து வாங்கிப் பஸ்ல போனதே இல்ல.

அந்தா, பின்வாசல் படிக்குப் பக்கத்துல ஒருத்தன் உக்காந்திருக்கான் பாருங்க, கட்டம் போட்ட சட்டை, மீசைய ஒட்ட நறுக்கி வச்சிருக்கான். அவன் உத்தரவு. "அண்ணே, நீங்க உள்பக்கமா உக்காருங்க." அம்புட்டுதான் பேசுவான். அவன் இடுப்புல சட்டை லேசாத் தூக்கிக்கிட்டு நிக்குதுல்ல? பர்ஸுன்னு நெனைச்சிராதீங்க. துப்பாக்கி.

அட, பயப்படாதீங்கண்ணே! போலீஸ்தான். மப்டியில இருக்கான். என் போலீஸ். எனக்குன்னு ஐகோர்ட்டுல கேட்டு வாங்குன போலீஸ். ஏட்டு அருளப்பன். மதுரை போறீங்களா? நான் கோர்ட்டு ஸ்டாப்புல எறங்கிக்கிருவேன். எதுக்குன்னு கேளுங்க. இந்தப் போலீஸ் எனக்கு வேணாம், எடுத்துக்கங்கன்னு மனுக் குடுக்கப் போறேன். கேட்டு வாங்குன வாயிதான். அந்த வாயாலயே வேணாங்கப் போறேன்.

என்னையத் தெரியலையா? பலகுரல் பவுன்ராசுண்ணே. மேலூருக்கு அங்கிட்டு எந்த ஊருல எங்க கட்சிக் கூட்டம்னாலும் முத ஆளு நாந்தான். தலைவருமாருங்க அஞ்சு மணிக்கு வாரேம்பாங்க, எட்டு மணிக்கு வருவாங்க. நடுவுல மூணு மணி நேரம் சனம் எந்திரிச்சுப் போகாம உக்காரணும்ல? கோழியாக் கத்துவேன், ரயிலாப் போவேன், கம்பத்துல ஏறிக்கிட்டுக் கீழ நிக்கிறவனைத் திட்டுற வயர்மேனாத் திட்டுவேன். படிப்பு நாலாப்பு. அதுவும் முழுசா இல்ல. வாத்தியாரு மாதிரியே பேசிப் பக்கத்து வகுப்பை வீட்டுக்கு அனுப்பிட்டேன். மறுநாள் என்னைய வீட்டுக்கு அனுப்பிட்டாக.

சரி, விசயத்துக்கு வாரேன்.

எதிர்க்கட்சியில கோட்டைச்சாமின்னு ஒருத்தரு. ஒன்றியக் கவுன்சிலருக்கு நின்னாரு. அவரு பேசுனா ஒவ்வொரு வார்த்தைக்கும் மூக்கை ஒரு உறிஞ்சு உறிஞ்சுவாரு. "அன்பான, ஸ்ஸ்க், தாய்மார்களே, ஸ்ஸ்க், உங்க வீட்டுப் பிள்ளை, ஸ்ஸ்க்." அந்தா பாருங்க, முன்னாடி சீட்டு அம்மா திரும்பிப் பாக்குது! அவரு வந்துட்டாருன்னு நெனைச்சிருச்சு. கடைசி நாள் பிரச்சாரத்துல அவரு குரல்ல நான் மன்னிப்புக் கேட்டேன். "தாய்மார்களே, ஸ்ஸ்க், நம்ம கம்மாய் மண்ணைத் தின்னது நாந்தான், ஸ்ஸ்க், செரிக்கலை, மன்னிச்சு ஓட்டுப் போடுங்க." சனம் உருண்டுச்சு. எவனோ ஒரு பய அதைச் சத்தம் மட்டும் போன்ல பதிஞ்சு வாட்ஸ்அப்புல விட்டுட்டான். படம் இல்ல, சத்தம் மட்டும். பாதி ஊரு நெசமாவே அவருதான் மன்னிப்புக் கேட்டாருன்னு நம்பிருச்சு. நாப்பத்தொரு ஓட்டுல தோத்தாரு.

அப்புறம் சும்மா இருப்பாய்ங்களா? போன் வந்துச்சு. "நாக்கை அறுத்துக் கம்மாயில போடுவோம்." நான் சிரிச்சேன். ரெண்டாம் வாரம் வாசல்ல நின்ன என் ஸ்கூட்டரைக் கொளுத்திட்டாய்ங்க. அப்பவும் நான் சிரிச்சேன், அது பழைய வண்டி. மூணாவது, கம்மாய்க் கரையில நடந்து வாரேன், ஒரு டிப்பரு லாரி என் வேட்டிய உரசிட்டுப் போச்சு. அப்பத்தான் சிரிப்பு நின்னுச்சு. போலீஸ் ஸ்டேசன்ல மனு மேல மனு குடுத்தோம். விசாரிக்கிறோம்னாங்க. சரின்னு ஒரு வக்கீலம்மாவைப் புடிச்சு ஐகோர்ட்டுக்குப் போனோம்.

அங்க நடந்த கூத்தைக் கேளுங்க. மிரட்டுன போனைப் பதிஞ்சு வச்சிருந்தோம்ல, அதைக் குடுத்தா, அந்தப் பக்கத்து வக்கீலு எந்திரிச்சு, "அய்யா, மனுதாரரு பலகுரல்காரரு, இந்த மிரட்டலையும் அவரே பேசியிருக்கலாம்"ங்கிறாரு! என் பொழப்பே எனக்கு எதிரா நிக்குது. எங்க வக்கீலம்மாவே என்னைய ஒரு மாதிரி பாத்தாங்க. கடைசியில என் பொண்டாட்டி செல்லத்தாயிகிட்ட ஒரு சத்தியப் பத்திரம் எழுதி வாங்கிக் குடுத்தாங்க. அவ என்ன சொல்லியிருக்கான்னா, "என் வீட்டுக்காரரு எந்தக் குரல்ல பேசுனாலும் எனக்குத் தெரியும். இது அவரு இல்ல." அம்புட்டுதான். ஸ்கூட்டரு போட்டோவும் இருந்துச்சு. உசுருக்கு ஆபத்து இருக்கு, ஆறு மாசத்துக்குப் பாதுகாப்புக் குடுங்கன்னு உத்தரவு ஆகிருச்சு. ஒரு திங்கக்கெழம காலையில இந்த அருளப்பன் கையில ஒரு பையோட வாசல்ல வந்து நின்னான்.

முத வாரம் பெருமைன்னா பெருமை. கன்மேன் வச்ச ஆளுன்னா எங்க பக்கம் அந்தஸ்து வேறண்ணே. கல்யாணப் பத்திரிகையில பேரு மேல ஏறும். நான் முன்னாடி நடக்கேன், பின்னாடி துப்பாக்கி நடக்குது. டீக்கடையில எந்திரிச்சு நின்னாய்ங்க.

யாருக்கு எந்திரிச்சாய்ங்கங்கிறது ரெண்டாவது வாரந்தான் தெரிஞ்சுச்சு.

"சாருக்கு முதல்ல போடுய்யா." டீக்கடைக்காரன் சொல்றான். முப்பது வருசமா அந்தப் பெஞ்சுல உக்காந்து ஊரையே சிரிக்க வச்சவன் நானு. எனக்கு ரெண்டாவது டீ. ஒரு கல்யாணத்துக்குப் போனோம். பொண்ணோட அப்பன் ஓடி வந்து கையப் புடிக்கிறான், அவன் கையை. "சார் வாங்க, சார் உக்காருங்க." இவன் உக்கார மாட்டான், அது தனி. உக்காராம செவுத்தோரமா நிப்பான். உக்காராததுக்கும் அவனுக்குத்தான் மரியாதை. "பாருய்யா, எம்புட்டுப் பொறுப்பான மனுசன்." நான் உக்காந்தேன், என்னைய எவனும் பொறுப்புன்னு சொல்லலை.

மேடையில இன்னும் மோசம். நான் உசுரைக் குடுத்து ரயிலாப் போயிக்கிட்டு இருக்கேன், சனம் பூரா எனக்குப் பின்னாடி பாக்குது. துண்டுச்சீட்டு வருது. என் பேச்சைப் பாராட்டி எழுதியிருக்கான்னு பிரிச்சா, "பின்னால் நிற்கும் சாரின் துப்பாக்கியில் குண்டு இருக்கிறதா?" நான் மைக்குல கேக்க வேண்டியதாப் போச்சு. இவன் என்ன செஞ்சான் தெரியுமா? ஒண்ணும் செய்யலை. லேசாத் தலைய ஆட்டுனான். அதுக்குக் கைதட்டல்ணே! தலைய ஆட்டுனதுக்கு! நான் அங்க வாயில ரயிலை ஓட்டிக்கிட்டு நிக்கிறேன்.

அதையெல்லாம் கூடப் பொறுத்துக்கிருவேன். வீடு இருக்கு பாருங்க, வீடு.

செல்லத்தாயியைக் கட்டி இருவத்திரெண்டு வருசம். அவ வைக்கிற கொழம்புல புளி தூக்கும். நான் இருவத்திரெண்டு வருசமா பல்லு கூசத் தின்னேன், ஒரு நாளு சொன்னதில்ல. சரி, சொல்லியிருக்கேன், வெயிட்டரு குரல்ல சொல்லியிருக்கேன், கலெக்டரு குரல்ல சொல்லியிருக்கேன். ஒரு மாத்தமும் இல்ல. இவன் வந்த பத்தாம் நாளு கொழம்பு இனிக்குது. என்னடின்னேன். "சாருக்கு வயிறு சரியில்லையாம், புளிய கொறைச்சேன்." கேட்டீங்களா? எனக்கும் வயிறுன்னு ஒண்ணு இருக்குல்ல?

அவன் சட்டையில பொத்தான் விழுந்தா தைக்கிறா. அவனும் சும்மா இருக்கலை, வீட்டு மோட்டாரு ஓடாமக் கெடந்துச்சு, திறந்து என்னமோ நோண்டி ஓட வச்சுட்டான். அவளுக்கு பிரசர் மாத்திரை தீர்ந்தா அவனுக்குத் தெரியுது. எனக்குத் தெரியலை. எனக்கு எப்படித் தெரியும், நான் மேடையில இருக்கேன். அவனும் மேடையிலதான் இருக்கான், அது வேற.

ஒரு சின்ன நோட்டு வச்சிருக்கான். நான் போற எடமெல்லாம் எழுதணுமாம், மேல காட்டணுமாம். "பத்து இருவது, டீக்கடை. பத்து நாப்பது, வேறு டீக்கடை. பதினொண்ணு பத்து, சீட்டு விளையாடும் இடம், மனுதாரர் பார்க்க மட்டும் செய்தார்." பாக்க மட்டும் செய்தாராம்! நல்லவன்தான், இல்லைங்கலை. செல்லத்தாயி பொழுது சாய அதை வாங்கி வாசிக்கிறா. கல்யாணம் ஆன நாள்ல இருந்து நான் எங்க போனேன்னு ஒரு தடவ கேட்டவ இல்ல, இப்பக் கண்ணாடிய மாட்டிக்கிட்டு வாசிக்கிறா.

இதெல்லாம் கூட விடுங்கண்ணே. ஒண்ணு சொல்றேன், வெளிய சொல்லாதீங்க.

அவன் ஒரு நாளு ஒரு சோக்குச் சொன்னான். போலீஸ் நாயி திருடனை விட்டுட்டுத் திருடன் வச்சிருந்த பரோட்டாவைப் புடிச்சுச்சுன்னு. அம்புட்டுதான் சோக்கு. அதையும் தலகீழாச் சொன்னான், பரோட்டாவை முதல்ல சொல்லிட்டான். எங்க தொழில்ல அதுக்குக் கல்லால அடிப்பாய்ங்க. செல்லத்தாயி சிரிச்சா. வாயப் பொத்திக்கிட்டு, தோளு குலுங்கச் சிரிச்சா. என் பொண்டாட்டி நான் பேசிச் சிரிச்சு எத்தனை வருசம் ஆச்சு தெரியுமா? ஸ்கூட்டர் எரிஞ்சதுல இருந்து சுத்தமா இல்ல. அதுக்கு முன்னாடியும் கொஞ்சந்தான். மேடையில சிரிப்பு சாஸ்தியா வந்துச்சுன்னு வந்து சொன்னா, எந்திரிச்சுப் போயிக் கதவுக்குத் தாப்பாப் போட்டிருக்கான்னு பாப்பா. ரசனை இல்லாதவன்னு நெனைச்சுக்கிட்டேன். இவன் பரோட்டாவுக்குச் சிரிக்கிறா.

எங்க கட்சியில சித்தநாதன்னு ஒரு சேக்காளி எனக்கு. அவந்தான் கண்ணைத் தொறந்து விட்டான். "என்ன பவுனு, உன் வீட்டுல ஏட்டு தின்னது போக மிச்சம்தான் உனக்காமே." நான் சொல்லலைண்ணே, அவனாக் கேட்டான். தெனம் வந்து தெனம் ஒண்ணு கேப்பான். "ஏட்டு நேத்து உன் கட்டில்ல உக்காந்தானா?" "உன் பொண்டாட்டி ஏட்டு நம்பரை மனப்பாடமாச் சொல்லுதாமே?" அப்படி அக்கறையா எவன் கேப்பான்? கோட்டைச்சாமி இப்பக் கோவமெல்லாம் ஆறிட்டாரு, ஆபத்து ஒண்ணும் இல்ல, இந்த ஏட்டை அனுப்பிட்டு மனுசனா இருன்னான். மனுவை அவனே டைப் அடிச்சுக் கொண்டாந்துட்டான். இந்தா, பையில இருக்கு. "என் உயிருக்கு இப்போது அச்சுறுத்தல் எதுவும் இல்லை." எழுத்துக் கூட்டி வாசிச்சுப் பாத்தேன், நல்லாத்தான் அடிச்சிருக்கான். வக்கீலம்மாகிட்டக் கூடச் சொல்ல வேணாம்னுட்டான், கோர்ட்டு வாசல்ல வேற வக்கீலு நிப்பாராம். திரும்பி வர்றதுக்குப் பஸ்ஸு வேணாம், நானே கார் கொண்டாரேன்னான். முன் சீட்டுல, சன்னல் ஓரமா, காத்து வாங்கிக்கிட்டு வாடான்னான். அந்த வார்த்தையில விழுந்துட்டேன்ணே.

ஏன் அப்படிப் பாக்குறீங்க? நல்லவண்ணே அவன். சின்ன வயசுல இருந்து பழக்கம். இப்பப் புதுசா மாடி எடுக்குறான், அந்த வேலையிலயும் எனக்காக ஓடுறான்.

இருங்க, போனு. அவதான்.

"சொல்லு. ஆமா, மேலூரு தாண்டிட்டோம். என்னது? ஏன், சாருக்குப் போட வேண்டியதுதான? எடுக்கலையா? சரி, இரு, குடுக்குறேன்."

பாத்தீங்களா, பாத்தீங்களா! எனக்குப் போன் போட்டு, சார்கிட்டக் குடுங்கங்கிறா! நான் குடுப்பேனா? இவன் குரலும் எனக்கு வரும்ணே. ரொம்பக் கஷ்டம், புடிச்சு இழுக்க ஒண்ணுமே இல்லாத குரலு, ரெண்டு மாசம் ஆச்சு எனக்கு. பேசுறதுக்கு முன்னாடி "ம்"முன்னு ஒரு நிறுத்து நிறுத்துவான், அதுலதான் சூட்சுமம். அவனுக்கே தெரியாது எனக்கு வரும்னு. ஸ்பீக்கர்ல போடுறேன், நீங்களே கேளுங்க அவ லட்சணத்தை. சத்தம் காட்டாதீங்க.

"ம்... சொல்லுங்கம்மா. அருளப்பன்தான்."

"சாருங்களா?"

"ம்... ஆமா."

"அவரு பக்கத்துல இருக்காரா சார்?"

"இல்லம்மா, முன்னாடி சீட்டுல. யாரோடயோ வாயடிச்சுக்கிட்டு இருக்காரு."

"அப்ப சரி. சார், அவரு பையில இருக்க பேப்பரை நான் பாத்துட்டேன். பாதுகாப்பு வேணாம்னு எழுதியிருக்கு. நீங்க தடுக்காதீங்க. தடுத்தா ரோசத்துல உடனே போயிக் குடுத்துருவாரு, எனக்குத் தெரியும். ஆனா நீங்க கேட்டுக்கங்க. நீங்க கெளம்புனதும் சித்தநாதன் அண்ணன் வந்தாரு. ஏட்டு திரும்பி வருவாரா, இவரு மட்டும் தனியா வருவாரான்னு கேட்டாரு. அவரு காருக்குள்ள கண்ணாடிய ஏத்திக்கிட்டு கோட்டைச்சாமியோட மச்சினன் உக்காந்திருந்தான் சார். அந்த டிப்பரு வச்சிருக்கவன். சார், கேக்குதா?"

"ம்."

"இதை அவருகிட்டச் சொன்னா நம்ப மாட்டாரு. கோட்டைச்சாமி குரல்ல மூக்கை உறிஞ்சிக் காட்டிச் சிரிச்சுட்டுப் போயிருவாரு. நான் அழுதாலும் அழுகுற மாதிரியே செஞ்சு காட்டுவாரு. அதான் உங்ககிட்டச் சொல்றேன். நீங்க ஒரு வேளை சாப்பாடு புடிக்காம மாத்தல் வாங்கிட்டுப் போயிட்டீங்கன்னா அந்த மனுசனுக்கு யாரு சார் இருக்கா? அதுக்குத்தான் பாத்துப் பாத்துப் பொங்குறேன். அவரு என்ன பேசுனாலும் மனசுல வச்சுக்காதீங்க. அவரு வீட்டுக்கு வந்தாப் போதும். வச்சிரட்டுமா... சார்?"

"ம்... சரிம்மா."

வச்சுட்டா.

ஒண்ணும் இல்லண்ணே. அந்தக் கடைசி "சரிம்மா" சரியா வரலை, இல்ல? என் குரல் கலந்துருச்சு. ஒரு வாய் தண்ணி குடுங்க.

நல்லா இருக்குண்ணே நியாயம். எனக்கு வர்ற சாவு. எனக்கு! அதை என்கிட்டச் சொல்ல மாட்டாளாம், அவன்கிட்டச் சொல்றாளாம். சித்தநாதன் வந்தான், இன்னாரு கார்ல இருந்தான்னு எனக்கு ஒரு வார்த்தை சொன்னா நான் கேக்க மாட்டேனா? கேக்க மாட்டேன், சரி. ஆனாச் சொல்லணும்ல? கட்டுன புருசன்ல? ஊரான் கிட்டப் போயி, "அவரு வீட்டுக்கு வந்தாப் போதும்"ங்கிறா. இந்த மாதிரி ஒரு குரல்ல என்கிட்ட ஒரு நாளு பேசுனதில்லண்ணே அவ. இப்பத்தான் கேக்குறேன். அதுவும் அவன் பேருல.

ஒத்தக்கடை தாண்டிருச்சா? அடுத்தது கோர்ட்டுதான்.

கொஞ்சம் குனிஞ்சு பாருங்கண்ணே உங்க சன்னல் வழியா. வேப்ப மரத்துக்குக் கீழ வெள்ளைக் காரு ஒண்ணு நிக்குதா? கண்ணாடி ஏத்தியிருக்கா? எத்தனை தலை தெரியுது? மூணா? சித்தநாதன் ஒருத்தந்தான வாரேன்னான்.

இந்தா, எந்திரிச்சு வந்துட்டான் நம்மாளு.

"அண்ணே, கோர்ட்டு ஸ்டாப்பு."

"ஏட்டய்யா, இன்னைக்கு வேணாம். வக்கீலம்மா வரலையாம். இப்பத்தான் போன் வந்துச்சு."

"ம்... சரிண்ணே. எதிர்ப்பக்கம் நம்ம ஊருப் பஸ்ஸு வரும். நான் முதல்ல எறங்குறேன். நான் சொன்னப்புறம் நீங்க எறங்குங்க. என் முதுகை விட்டு விலகாதீங்க."

கேட்டீங்களா? முதல்ல அவன் எறங்குவானாம். எங்க போனாலும் இதே கதைதான். எதுக்குத் திரும்புறேன்னு ஒரு கேள்வி கேட்டானா? கேக்கலை. என் பேச்சுல அவனுக்கு ஆர்வமே கெடையாதுண்ணே.

இந்தாங்க, இந்தப் பேப்பரு. கடலைத் தோலை மடியில போட்டுக்கிட்டு இருக்கீங்க, இதுல போட்டு மடிச்சு எறிஞ்சிருங்க. அட, இந்த மனு இனி எனக்கு வேணாம், டைப் அடிச்ச காசும் நான் குடுக்கலை. வாரேண்ணே. பேரைக் கேக்காமயே இம்புட்டு நேரம் பேசிட்டேன்.

ஏ ஏட்டய்யா, எறங்கவா? எறங்கட்டுமாய்யா?

பாருங்கண்ணே, அந்தக் காரைப் பாத்துக்கிட்டு, படிய அடைச்சுக்கிட்டு எப்படி நிக்கிறான்னு. அந்தா கார்ல கண்ணாடி எறங்குது, மூணு பேரும் இந்தப் பக்கந்தான் பாக்குறாய்ங்க. இம்புட்டுப் பெரிய உடம்பை வச்சுக்கிட்டு இவன் முன்னாடி நின்னா, அங்க இருந்து பாக்குறவனுக்கு என்னைய எப்படிண்ணே தெரியும்?